ஜன்னல் கட்டையில் ஈரத்துணி

இரண்டாம் ஆட்டம் விட்டு, ஜனங்கள் வீடு போய்ச் சேர்ந்து, நாய்களும் குரைத்து ஓய்ந்துவிட்ட நேரம். ஊருக்கு வெளியே ஒரு சாலை. ஒரு பக்கம் பொட்டல். மறுபக்கம் நெருப்பு அணைந்து வருஷக்கணக்காகிவிட்ட செங்கல் சூளை. அதைத் தாண்டினால் ஒரு வளைவு... அந்த வளைவை நோக்கி ஒரே ஒரு வண்டி வருகிறது.

விளக்கைச் சற்று இறக்கி வையுங்கள். அணைத்துவிட்டாலும் நல்லதே. ஏன் என்பது போகப் போகத் தெரியும். சின்னவர்கள் நடுவில் வாருங்கள். பயமாக இருந்தால் பக்கத்தில் இருப்பவர் கையைப் பிடித்துக்கொள்ளலாம்... பிடிப்பதற்கு முன் அது யாருடைய கை என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

இது என் தோழியின் பெரியப்பாவுக்கு நேர்ந்தது. அவர் சினிமாக் கம்பெனியில் விளக்குக்காரர். பேர் சொல்லி அவரை யாரும் கூப்பிட்டதில்லை. ‘கரியண்ணன்’ என்றுதான் கூப்பிடுவார்கள். அந்தக் காலத்து ஆர்க் விளக்குகளில் இரண்டு கரிக்குச்சிகளை முனைக்கு முனை வைத்து, நடுவே மின்சாரம் பாய்ச்சுவார்கள். ஸ்ஸ்ஸ் என்று சீறிக்கொண்டு வெளிச்சம் கிளம்பும். குச்சி எரிந்து குறையக் குறையக் கையால் நெருக்கிக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். அதைச் செய்து செய்து அவருடைய விரல் ரேகைகளில் கரி ஏறிவிட்டது. எந்தச் சோப்புக்கும் போகவில்லை.

அன்று வெளிப்புறப் படப்பிடிப்பு. மற்றவர்கள் முன்னாலேயே போய்விட்டார்கள். ஜெனரேட்டர் வண்டியை அவர் தனியாக ஓட்டிக்கொண்டு வருகிறார். மழைக்காலம் இல்லை. காற்றும் இல்லை. பழைய என்ஜின், தகர டப்பாவில் கூழாங்கல்லைப் போட்டு உலுக்குவதுபோல் இரைகிறது.

சூளையைத் தாண்டினார். வளைவில் வண்டி திரும்பியது. முன்விளக்கின் வெளிச்சம் சாலையைத் துழாவிக்கொண்டே போய்... ஒரு பெண்மேல் விழுந்தது.

நடுச்சாலையில் நிற்கிறாள். முழங்கையை மடக்கிக் கண்களை மறைத்துக்கொண்டு நிற்கிறாள்.

பிரேக்கை மிதித்தார். வண்டி நின்றது. அப்போதுதான் கவனித்தார்... சத்தம் இல்லை. என்ஜின் ஓடுகிறது, அதிர்வு உள்ளங்காலில் ஏறுகிறது. ஆனால் சத்தம் இல்லை. பூச்சிகளின் சத்தம் இல்லை. தம்முடைய மூச்சே கேட்கவில்லை. காதைத் தட்டிப் பார்த்தார். தட்டிய சத்தமும் இல்லை.

இன்னொன்று. அந்த வெளிச்சத்தில் செம்மண் சிவப்பாகத் தெரிகிறது. சூளைச் சுவரில் பாசி பச்சையாகத் தெரிகிறது. அவளிடம் மட்டும் நிறம் இல்லை. சாம்பலும் கறுப்புமாக நிற்கிறாள்.

உதடுகள் அசைந்தன. கறுத்த உதடுகள். ஒரே வாக்கியம்... திரும்பத் திரும்ப. கரியண்ணனுக்கு அது கேட்கவில்லை. கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. அதை அவர் மறந்தவரல்ல.

கை தானாகப் போய் முன்விளக்கை அணைத்தது.

இருட்டு. பளாரென்று அறைந்தாற்போல் எல்லாச் சத்தமும் திரும்பி வந்தது. கூடவே ஒரு வாசனை. முதலில் கரி தீய்ந்த வாசனை. அப்புறம்... கொதித்து ஆறிப்போன தேயிலை வாசனை. வண்டிக் கதவுக்கு வெளியே, கைக்கெட்டும் தூரத்தில், சொட்... சொட்... என்று ஏதோ சொட்டியது.

விளக்கைப் போட்டார். யாரும் இல்லை. சாலை மட்டும் ஓரிடத்தில் நனைந்திருந்தது.

வீட்டுக்கு வந்து படுத்தார். கண் அசரும் நேரத்தில் மணல் ஆரம்பித்தது.

‘மணல்’ என்பது விளக்குக்காரர்களின் பேச்சு. கரிக்குச்சி வெளிச்சத்தை நேருக்கு நேர் பார்த்துவிட்டால் அந்த நேரத்தில் ஒன்றும் தெரியாது. வீட்டுக்குப் போய், சாப்பிட்டு, தலையைச் சாய்த்த பிறகுதான் ஆரம்பிக்கும். ஒரு பிடி மணலை இமைக்குள் அள்ளிப் போட்டு அரைத்தாற்போல் இருக்கும். திறந்தாலும் வலி, மூடினாலும் வலி. விடியும்வரை தண்ணீர் கொட்டும்.

அவர் முனகுவதைக் கேட்டு மனைவி எழுந்து உட்கார்ந்தாள்.

“என்னங்க, மணலா?”

“ம்.”

“இப்பல்லாம்தான் எல்லா விளக்குக்கும் கண்ணாடி இருக்கே. எப்படி வந்துச்சு?”

அவள் எழுந்துபோய்த் தேயிலையைக் கொதிக்கவைத்து, ஆறவைத்து, அதில் துணியை நனைத்துப் பிழிந்து கண்மேல் போட்டாள். அந்த வாசனை மூக்கில் ஏறியதும் அவருக்கு உடம்பு தூக்கிப் போட்டது.

“வழியில எதையாவது பாத்தீங்களா?”

“ஒண்ணுமில்ல. நீ தூங்கு.”

ஒன்றுமில்லை என்று சொல்லும் புருஷனை நம்பித் தூங்கிய மனைவி இன்னும் பிறக்கவில்லை. அவளும் தூங்கவில்லை.

காலையில் கம்பெனி வாசலில் ஒப்பனைக்காரர் டீயும் கையுமாக நின்றிருந்தார். “கரியண்ணே, சேதி தெரியுமா? நம்ம அழுமூஞ்சி போயிட்டா. நேத்து விளக்கு வைக்கிற நேரத்துல. அந்தச் சூளைக்குப் பின்னால தங்கச்சி வீட்டுலதான் இருந்திருக்கா. கண்ணு சுத்தமாத் தெரியாதாம் பாவம்.”

கரியண்ணன் வாங்கிய டீயைக் குடிக்கவில்லை. அப்படியே கீழே வைத்துவிட்டார்.

அவள் யாரென்று சொல்லிவிடுகிறேன். உங்களில் யாரும் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள்.

படங்கள் பேசாத காலம். உடை தைக்கும் பகுதிக்குப் பொத்தான் தைக்க வந்தவள் அவள். ஒருநாள் கதாநாயகியின் தங்கையாக நடிக்க வேண்டியவள் காய்ச்சலில் படுத்துவிட்டாள். டைரக்டர் சுற்றுமுற்றும் பார்த்தார். ஊசியும் நூலுமாக நின்றவளை, “நீ வாம்மா” என்று கூப்பிட்டார். ஆற்றில் விழுந்து சாகிற தங்கை. விழுந்தாள், செத்தாள், ஈரத்தோடு திரும்பி வந்து மிச்சப் பொத்தான்களைத் தைத்து முடித்தாள்.

அதன் பிறகு சாகிற வேடமென்றால் அவள், அழுகிற வேடமென்றால் அவள். புருஷன் கைவிட்டவள். பிள்ளையைப் பறிகொடுத்தவள். ஒரு படத்தில் பார்வையில்லாதவளாகக்கூட நடித்தாள். சுவரொட்டியில் அவள் முகம் வந்ததே இல்லை. கடைசி அட்டையில் ‘மற்றும் பலர்’ என்று போடுவார்களே, அந்தப் பலரில் ஒருத்தி. ஆனால் கொட்டகையில் முன்வரிசைப் பெண்கள் கதாநாயகிக்காக அழவில்லை. இவளுக்காகத்தான் அழுதார்கள். அதனால்தான் கம்பெனியில் அழுமூஞ்சி என்று பேர் வைத்தார்கள். செல்லப் பேர்தான். கொஞ்சம் இளக்காரமும்தான்.

பேசாத படத்தில் நடிக்கிறவர்கள் வாயை அசைத்தால் போதும். என்ன பேசினாலும் யார் காதிலும் விழப்போவதில்லை. காதல் காட்சியில் கதாநாயகன் உருகி உருகி, “காலையில வெங்காயம் தின்னியா? அந்தப் பக்கம் திரும்பி மூச்சு விடு” என்பான். கதாநாயகி நாணித் தலைகுனிந்து, “உன் வாய் மட்டும் மணக்குதாக்கும்” என்பாள். பார்க்கும் ஜனங்கள் கண்கலங்குவார்கள்.

இனி, அந்தக் கண்ணாடி விஷயம்.

ஒவ்வொரு ஆர்க் விளக்குக்கும் முன்னால் தடித்த கண்ணாடி ஒன்று உண்டு. அந்த வெளிச்சத்தில் கண்ணைக் கெடுப்பதை அதுதான் தடுத்து நிறுத்தும். ஆனால் சீக்கிரம் புகை பிடித்து மங்கிவிடும். அடிக்கடி கழற்றி, விரல் பொத்துப்போகும் சூட்டில் துடைத்து, மறுபடி மாட்ட வேண்டும். ஒருநாள் துடைக்கக் கழற்றிய கரியண்ணன் திரும்ப மாட்டவில்லை. சோம்பல்தான். அதற்குப் பெரிய பேர் ஏதும் வைக்க வேண்டாம்.

அன்று அழுமூஞ்சிக்கு நெருக்கக் காட்சி. அவள் முகத்துக்கு நேரே அந்த விளக்கு. டைரக்டர் துள்ளிக் குதித்தார். “என்னய்யா இது, வெளிச்சம் வைரமா அடிக்குது. பொண்ணு கண்ணுல தண்ணி தானாக் கொட்டுது. கை ராசிய்யா உனக்கு.” அத்தனை பேர் முன்னால் தோளில் கைபோட்டுச் சொன்னார். அதுவரை கரியண்ணனைத் தோளில் தொட்டுப் பேசியவர் யாரும் இல்லை.

அப்புறம் கண்ணாடியை மாட்ட மனசு வரவில்லை. சாக்கில் சுற்றி, கம்பெனிக்குப் பின்னாலேயே, அவள் தங்கியிருந்த அறைக்குப் பக்கத்தில் இருந்த தம் வீட்டுக்குக் கொண்டுபோய்க் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டார். எரிகிற விளக்கை யார் உற்றுப் பார்க்கப் போகிறார்கள்? அதில் கண்ணாடி இல்லை என்பது ஒருத்திக்குத்தான் தெரியும்... அதன் எதிரே நிற்கிறவளுக்கு.

அவள் கேட்டாள். “அண்ணே, அந்தக் கண்ணாடியைப் போட்டுடுங்கண்ணே. ராத்திரி கண்ணை மூட முடியல.”

“அது உடைஞ்சு போச்சும்மா. புதுசு வந்ததும் போடறேன்.”

மறுநாளும் கேட்டாள். அதற்கு மறுநாளும். காமிரா ஓடிக்கொண்டிருக்கும்போதே, செத்த பிள்ளையை மடியில் கிடத்திக்கொண்டு, கண்ணீர் வழிய, விளக்கைப் பார்த்துக் கேட்டாள். அதுவும் படத்தில் பதிந்துவிட்டது.

கொட்டகையில் கரியண்ணன் அதைப் பார்த்தார். திரை முழுக்க அவள் முகம். உதடுகள் அசைகின்றன. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாள் மூக்கைச் சிந்திக்கொண்டே, “பாவம், பிள்ளையைக் கூப்பிடறா பாருங்க” என்றாள். கொட்டகையே விம்முகிறது. அவள் யாரைக் கூப்பிடுகிறாள் என்று தெரிந்தவர் அங்கே ஒரே ஒருவர். படம் முடியும்வரை அவரால் உட்கார முடியவில்லை.

சரி, மறுநாளே மாட்டியிருக்கலாமே என்று கேட்பீர்கள். மாட்டத்தான் நினைத்தார். கட்டிலுக்கு அடியில் கையைக்கூட விட்டார். வெளிச்சம் குறைந்தால் டைரக்டர் ஏன் என்று கேட்பார்... கையை எடுத்துக்கொண்டார்.

அந்தச் சமயத்தில்தான் ஒருநாள் காலையில் அவள் விளக்கு அறை வாசலில் வந்து நின்றாள். கண் சிவந்திருக்கிறது. முகத்தில் சிரிப்பு.

“அண்ணே, நேத்து ராத்திரி என் ஜன்னல் கட்டையில ஈரத்துணி வச்சிட்டுப் போனீங்களே... கண்ணு மேல போட்டதும் அப்பாடான்னு இருந்தது. தேயிலைத் தண்ணியா? உங்க சட்டைத் துணின்னு பாத்ததுமே தெரிஞ்சுக்கிட்டேன்.”

அவர் வைக்கவில்லை. கிழிந்துபோன அவருடைய சட்டைகள் விளக்கு அறையில் துடைக்கும் துணியாகக் கிடக்கும். இரக்கப்பட்டவர் யாரோ எடுத்து நனைத்து வைத்திருக்கிறார்கள். ‘நான் இல்லம்மா’ என்று சொன்னால் முடிந்தது. நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அதற்குள் அங்கே நின்ற ஒப்பனைக்காரர், “பார்றா, கரிக்குள்ளயும் ஈரம் இருக்கு” என்று முதுகில் தட்டினார்.

கரியண்ணன் சிரித்தார். “சரிம்மா, போ. நேரமாச்சு” என்றார்.

அதன் பிறகு ஒவ்வொரு ராத்திரியும் ஜன்னல் கட்டையில் துணி இருந்தது. ஒவ்வொரு காலையிலும் நன்றி வந்தது. கொடுமை அதுவல்ல. அன்றோடு அவள் கண்ணாடி கேட்பதை நிறுத்திவிட்டாள். இத்தனை இரக்கம் உள்ள மனுஷர், முடிந்தால் போட்டிருக்க மாட்டாரா என்று நினைத்துவிட்டாள். அடுத்த படத்தில் உதட்டை இறுக்கிக்கொண்டு அழுதாள். ‘வாய் திறக்காமலே அழறாளே, என்ன நடிப்பு’ என்று ஜனங்கள் கொண்டாடினார்கள்.

பிறகு படங்கள் பேச ஆரம்பித்தன. அவளுக்குக் குரல் நன்றாகவே இருந்தது. கண்தான் திறக்கவில்லை. விளக்கைப் போட்டதும் முழங்கை தானாக மடங்கி முகத்தை மறைத்தது. குரல் சரியில்லை என்று ஒரு காரணம் சொல்லி அனுப்பிவிட்டார்கள். உண்மைக் காரணம் தெரிந்தவர் விளக்குக்குப் பின்னால் வாய் மூடி நின்றிருந்தார். கரியண்ணன் தலைமை விளக்குக்காரர் ஆனது அதற்கு அப்புறம்தான்.

அவள் எங்கே இருக்கிறாள் என்று அவர் விசாரிக்கவே இல்லை. விசாரித்தால் போய்ப் பார்க்க வேண்டிவரும். பார்த்தால் நன்றி சொல்வாளோ என்ற பயம். சாபத்துக்குப் பயந்தவர்களை நாம் பார்த்திருக்கிறோம். நன்றிக்குப் பயந்து ஒளிந்தவர் அவர்.

இப்போது அந்தக் காலையில் விட்ட இடத்துக்கு வருகிறேன். டீயைக் கீழே வைத்தவர் அன்றைய வேலையை முடித்து, சாயங்காலம் கம்பெனி வண்டியோடு வீட்டுக்குத் திரும்பி வந்து மனைவியிடம், “துக்கம் கேக்கப் போகணும். நீயும் வா” என்றார். யார் என்று அவள் கேட்கவில்லை. உடுத்திக்கொண்டு வந்து வண்டியில் ஏறிவிட்டாள். உடம்பைக் காலையிலேயே எடுத்துவிட்டார்கள். சின்ன வீடு. கழுவிவிட்ட தரை இன்னும் காயவில்லை. செத்தவளின் தங்கை கதவருகே உட்கார்ந்திருந்தாள்.

“நான்... கம்பெனியில விளக்குப் போடறவன்மா.”

தங்கை நிமிர்ந்து பார்த்தாள். முதலில் அவர் முகத்தை. அப்புறம் விரல்களை. எழுந்து நின்றுவிட்டாள்.

“ஈரத்துணி அண்ணனா?”

உள்ளே இருந்த பிள்ளைகளையெல்லாம் கூப்பிட்டாள். “வாங்க, பெரியம்மா சொல்லுவாங்களே, அவங்கதான். வந்து பாருங்க.” பிள்ளைகள் வரிசையாக வந்து நின்று, அவர் கரி விரலை அதிசயமாகப் பார்த்தார்கள்.

“அக்கா ஒரு நாள்கூட உங்களை மறந்ததில்லண்ணே. படுக்கப் போறதுக்கு முன்னால உங்களுக்காகக் கடவுள்கிட்ட வேண்டிக்குவாங்க. ‘அத்தனை பேர் இருந்த இடத்துல எனக்குன்னு நெனச்சவர் அவர் ஒருத்தர்தான்’னு சொல்லுவாங்க. நீங்க வச்ச துணியில ஒண்ணை, சிவப்பு நூல்ல தைச்சதை, பத்திரமா வச்சிருந்தாங்க. அதைக் கண்ணு மேல போட்டுத்தான் அனுப்பணும்னு சொல்லியிருந்தாங்க. அப்படியே நனைச்சுப் போட்டு... அனுப்பி வச்சோம்.”

பிறகு அவர் மனைவி பக்கம் திரும்பி, அவள் கைகளைப் பிடித்துக்கொண்டாள். “நீங்க குடுத்து வச்சவங்கக்கா.”

கரியண்ணன் வாயைத் திறந்தார். சொல்ல வேண்டியது இரண்டு. கண்ணாடியைக் கழற்றியது நான். துணி வைத்தது நான் இல்லை. பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். தங்கை கண்ணீரோடு பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

“அதுல என்னம்மா இருக்கு... ஏதோ என்னால ஆனது” என்றார்.

பக்கத்தில் மனைவி தண்ணீர் டம்ளரை வாய்வரை கொண்டுபோனவள், குடிக்காமல் கீழே வைத்தாள்.

திரும்பும்போது இருட்டிவிட்டது. சூளையை நெருங்கும்போது அவர்தான் பேச்சை ஆரம்பித்தார்.

“அந்தத் துணியை நான் வைக்கல. யாரு வச்சாங்கன்னு எனக்கே தெரியாது. எழவு வீட்டுல போய் அதை எப்படிச் சொல்றது?”

“எனக்குத் தெரியும்” என்றாள் மனைவி. “நான்தான் வச்சேன்.”

வண்டி கொஞ்சம் அலைந்து, நேரானது.

“கட்டிலுக்கு அடியில பெருக்கினப்ப சாக்குல சுத்தின கண்ணாடி தட்டுப்பட்டுது. முழுசா இருந்தது. கீறல்கூட இல்ல. அன்னிக்கு ராத்திரி அவ அறையிலேருந்து முனகுற சத்தம். உங்களுக்கு மணல் வந்தா என்ன செய்வேனோ அதைத்தான் அவளுக்கும் செஞ்சேன். கைக்கு அகப்பட்டது உங்க பழைய சட்டை.”

“எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே.”

“சொல்லியிருக்கணும். அது என் தப்புதான். நீங்களாச் சொல்வீங்கன்னு பாத்தேன்... இன்னிக்குச் சொல்வீங்க, நாளைக்குச் சொல்வீங்கன்னு பாத்துக்கிட்டே இருந்துட்டேன். ஒருதரம் அவளே என் கையைப் பிடிச்சு ‘உங்க வீட்டுக்காரர் தங்கம்’னா. நானும் சிரிச்சுட்டு வந்துட்டேன். கட்டினவரைக் காட்டிக்குடுக்க மனசு வரல. அவ கண்ணைவிட நம்ம மானம் பெரிசாப் போச்சு எனக்கு.”

அவள் அழவில்லை. கோபமாகவும் சொல்லவில்லை. அதுதான் அவருக்குத் தாங்க முடியாமல் இருந்தது. வெட்கம் என்றால் முகம் சிவக்கும் என்கிறார்கள். அவருக்கு உள்ளங்கால்வரை சில்லிட்டுப் போயிற்று. இத்தனை வருஷம் ஒரே தலையணையில் படுத்தவள். தினமும் அவர் வாங்கிக்கொண்டு வந்த நன்றியெல்லாம் அவளுடையது. அவள் கண் முன்னாலேயே வாங்கியிருக்கிறார்... இன்றைக்கும்.

வண்டி வளைவில் திரும்பியது.

நின்றுகொண்டிருந்தாள்.

முந்தின இரவைவிடக் கிட்டத்தில். முழங்கை கண்ணை மறைத்திருக்கிறது. சாம்பலும் கறுப்பும். என்ஜின் சத்தம் அறுந்து போயிற்று. கரியண்ணன் மனைவியைத் திரும்பிப் பார்த்தார். அவள் அவருடைய சட்டையைப் பிடித்து உலுக்கி ஏதோ சொல்கிறாள். உதடுகள் அசைகின்றன... குரல் இல்லை.

எங்கிருந்தோ மெல்ல, ஸ்ஸ்ஸ்... என்று கரிக்குச்சி சீறும் சத்தம் மட்டும்.

அவர் முன்விளக்கை அணைத்தார். என்ஜினையும் அணைத்தார். கதவைத் திறந்து இருட்டில் இறங்கினார்.

மூன்று எட்டு வைத்திருப்பார். முகத்துக்கு எதிரே குளிர்ச்சி. நனைத்த துணியைக் காற்றில் பிடித்தாற்போல. நின்றார்.

“அம்மா” என்றார். கனைத்துக்கொண்டு மறுபடி சொன்னார். “கண்ணாடி உடையல. கழட்டினது நான். ஒளிச்சு வச்சதும் நான். துணி வச்சது நான் இல்லம்மா. என் வீட்டுக்காரி. நீ சொன்ன நன்றி எதுவும் என்னோடது இல்ல... அத்தனையையும் நான் எடுத்துக்கிட்டேன்.”

மன்னித்தேன் என்று ஒரு குரல் வந்ததாகச் சொன்னால் உங்களுக்கும் நிம்மதியாக இருக்கும், எனக்கும் நிம்மதியாக இருக்கும். வரவில்லை.

அப்புறம்... ஈரத்துணியை முறுக்கிப் பிழியும் சத்தம். தண்ணீர் அவருடைய பாதத்தில் விழுந்தது. சில்லென்று. அதன் பிறகு சத்தம் இல்லை. குளிர்ச்சி போய்விட்டது.

வண்டியில் ஏறினார்.

“யாரோட பேசிட்டு வர்றீங்க?” என்றாள் மனைவி.

“முன்னாலயே பேசியிருக்க வேண்டியவளோட.”

“உயிரோட இருக்கறவங்ககிட்டயும் சொல்லணுங்க.”

“நாளைக்குப் போவோம்.”

முன்விளக்கைப் போடாமல், நடை வேகத்தில் அந்த வளைவைக் கடந்தார். ஓய்வு பெறும்வரை அந்த இடத்தில் அவர் விளக்குப் போட்டு ஓட்டியதே இல்லை.

அன்றிரவும் மணல் வந்தது. ஆனால் பாதி ராத்திரியில் கண்மேல் ஈரத்துணி வந்து படிந்தது. நல்ல குளிர்ச்சி. மெதுவான கை. மடிப்பு விழாமல் நெற்றிப் பொட்டுவரை நீவிவிட்டது. அவர் தூக்கத்திலேயே, “நீயும் தூங்கேன்” என்று முணுமுணுத்தார். பல வருஷமாக வராத தூக்கம் வந்தது.

விடிந்ததும் கண்ணைத் திறந்தார். வலியே இல்லை. மனைவி அடுப்படியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தாள். இனி ஒரு நன்றியையும் பாக்கி வைக்கக்கூடாது என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். கையில் துணியோடு போய், கொஞ்சம் கூச்சத்தோடு சொன்னார்.

“ராத்திரி துணி போட்டியே... ரொம்ப நல்லா இருந்தது. இத்தனை வருஷத்துல உனக்கு நான் நன்றின்னு ஒண்ணு சொன்னதே இல்ல.”

அவள் திரும்பிப் பார்த்தாள்.

“நான் போடலையே” என்றாள்.

கணம்கூட யோசிக்கவில்லை. அவர் ஆயுசெல்லாம் சொல்லாமல் விட்ட வார்த்தையை அவள் சாதாரணமாகச் சொன்னாள். பிறகு கையை நீட்டித் துணியை வாங்கினாள். விரித்துப் பார்த்தாள். பழுப்பேறிய சட்டைத் துணி. நடுவில் கரிப்பொறி பட்டு எரிந்த ஓட்டை. வெள்ளை நூல் தீர்ந்துபோய்ச் சிவப்பு நூலால் இழுத்துத் தைத்திருந்த தையல்... அவளுடைய கைத் தையல்.

“இதைத்தாங்க அவ கண்ணு மேல போட்டு அனுப்பினாங்க” என்றாள்.

அன்றே போய்த் தங்கையிடம் எல்லாவற்றையும் சொன்னார் கரியண்ணன். அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். அவருக்காகக் கொண்டுவந்த தண்ணீரை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். நெடுநேரம் வரவில்லை. பிறகு என்ன நினைத்தாளோ, அதே டம்ளரைத் திரும்பக் கொண்டுவந்து அவர் முன்னால் வைத்தாள். தாம் வாழ்க்கையில் குடித்ததிலேயே கனமான தண்ணீர் அதுதான் என்று அவர் பிற்காலத்தில் சொல்வாராம். கடவுள் கணக்கில் பெரிய தர்மங்கள் எத்தனை நிற்குமோ தெரியாது. ஈரத்துணியும் ஒரு டம்ளர் தண்ணீரும் நிற்கும் என்று நான் நம்புகிறேன். யார் கொடுத்தது என்பதும் அங்கே மாறாமல் நிற்கும்.

கரியண்ணனும் போய்விட்டார், அவர் மனைவியும் போய்விட்டார். அவர்கள் இருந்த வீட்டில் இப்போது என் தோழி இருக்கிறாள், துணியும் அங்கேதான் இருக்கிறது. அந்த வீட்டில் ஒரு வழக்கம். யாருக்காவது நன்றி சொன்னால், செய்யாதவர்கள் அந்த நிமிஷமே ‘நான் செய்யலை’ என்று சொல்லிவிடுவார்கள். குழந்தைகள்கூட. ஏன் என்று கேட்டேன். தோழி என்னைப் பின்கட்டுக்குக் கூட்டிப்போய்க் கொடியைக் காட்டினாள்.

துணியை அன்று காலையில் அங்கே காயப் போட்டார்களாம். கடும் கோடை அப்போது. அதற்குப் பிறகு எத்தனையோ கோடை வந்து போய்விட்டது.

நான் தொட்டுப் பார்த்தேன்... ஈரமாக இருந்தது.

கீழே ஒரு கிண்ணம் வைத்திருக்கிறார்கள். ராத்திரியில் வைத்தால் விடிவதற்குள் நிறைந்துவிடும். தண்ணீர் என்றால் நிறம் இருக்கக்கூடாது அல்லவா. அது தேயிலை நிறத்தில் இருந்தது.